புதுப்பிப்பு: ஆக்சன்ஃப்ரீ முடித்தாயிற்று

போன வாரம் புலம்பியிருந்தேனே, ஆக்சன்ஃப்ரீ என்ற வீடியோ கேமில் தேர்ந்தெடுக்கத் தரும் பதில்கள் நான் படித்து முடிக்கும் முன்பே மறைந்துவிடுகின்றன, என் பழைய லேப்டாப்தான் திணறுகிறதா என்று. லேப்டாப் மேல் தப்பில்லை. 2016இல் வந்த இந்த கேமின் அமைப்பே அப்படித்தான். நேரத்துக்குள் எதையும் தேர்ந்தெடுக்காவிட்டால், நாம் ஆடும் நாயகி அலெக்ஸ் வாய் திறக்கமாட்டாள், அந்த மௌனத்தையும் ஒரு பதிலாக எடுத்துக்கொண்டு பேச்சு தொடரும்.

சனிக்கிழமை கோத்தகிரியில் அத்தை வீடு. எதிர்வீடு தெரியாத மூடுபனி, ஒரு தட்டு வர்க்கி, நானும் அத்தை மகனும் ஒரே கம்பளிக்குள். கேமின் கதையில் அலெக்ஸோடு சேர்த்து ஐந்து பேர் ராத்திரி கூத்தடிக்கத் தீவுக்குப் போய், குகையில் ரேடியோவைத் திருகி எதையோ திறந்துவிடுகிறார்கள், அவ்வளவுதான் சொல்வேன். அந்த இரைச்சலைக் கேட்டு அத்தை அடுப்படியிலிருந்து எட்டிப்பார்த்து, “ஏன்டா, ஊட்டி ஸ்டேஷன் எடுக்கலையா?” என்றார்.

ஜோனஸ் அலெக்ஸுக்குப் புதிதாக வாய்த்த அண்ணன் முறை; அவனிடம் நான் எரிந்து விழுந்துகொண்டே இருக்க, “மச்சான், பாவம்டா அவன்” என்று அத்தை மகன் கன்ட்ரோலரைப் பிடுங்கிக்கொண்டான். சரி, அதுவும் நல்லதுக்குத்தான், யாரிடம் எப்படிப் பேசினோம் என்பதை வைத்துத்தான் கடைசியில் உறவுகள் அமைகின்றன. இரண்டாவது சுற்று ஆரம்பித்தோம், கரண்ட் போய்விட்டது.