வீட்டில் ஆலிவ் சல்சா: மிக்ஸியில் அரைக்கலாமா, எத்தனை நாள் தாங்கும்?

கோவை_அடுப்படி

எல்லோருக்கும் வணக்கம். நாத்தனார் குடும்பம் போன மாதம் ஸ்பெயின் போய் வந்தார்கள். எனக்கு இரண்டு பாட்டில் ஆலிவ் கொண்டுவந்து கொடுத்திருக்கிறார்கள். ஒன்று கொட்டையோடு இருக்கும் பச்சை ஆலிவ். இன்னொன்று வட்ட வட்டமாக நறுக்கிய கறுப்பு ஆலிவ். பீட்சா மேல் கிடப்பதைச் சாப்பிட்டது தவிர எனக்கு ஆலிவோடு பழக்கமில்லை.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வீட்டுக்குப் பத்துப் பேர் வருகிறார்கள். டோஸ்ட் செய்த பிரெட் மேல் வைத்துச் சாப்பிடுகிற மாதிரி ஆலிவ் சல்சா செய்யலாம் என்று ஆசை. இனிப்பு எதுவும் வேண்டாம். உப்பும் புளிப்பும் காரமுமாக இருக்க வேண்டும்.

நாங்கள் சைவம். நான் பார்த்த செய்முறைகளில் பாதிக்குமேல் நெத்திலி கேட்கிறது. அது இல்லாமல் ருசி வருமா? மாமியார் பூண்டு சேர்க்க மாட்டார். மிக்ஸியில் ஒரு சுற்று விட்டால் போதுமா, இல்லை கையால்தான் நறுக்கணுமா? கடைசியில் கடுகு தாளித்துக் கொட்டலாமா? மிச்சமானால் ஊறுகாய் மாதிரி வெளியில் வைக்கலாமா? பச்சை ஆலிவை ஒன்று கடித்துப் பார்த்தேன், அப்பா, என்ன உப்பு! அதைக் குறைக்க வழி உண்டா?

காரைக்கால்_மார்சேய்

கொட்டையோடு இருக்கும் பச்சை ஆலிவ் கையில் இருக்கிறதே, பிறகென்ன கவலை? சல்சாவுக்கு அதுதான் சரியான ஆலிவ். கொட்டை எடுத்து விற்பதைவிட இது சதைப்பிடிப்பாக, கடிக்க உறுதியாக இருக்கும்.

நான் காரைக்காலில் பிறந்து, கல்யாணமாகி பிரான்சில் இருக்கிற மார்சேய்க்கு வந்தவள். நோவாய் சந்தைக்கு நடந்து போகிற தூரத்தில் வீடு. அங்கே வடஆப்பிரிக்கக் கடைக்காரர்கள் ஆலிவை வாளி வாளியாகத் திறந்து வைத்திருப்பார்கள். மிளகாய் போட்டுப் புரட்டியது, லேசாகத் தட்டிப் பெருஞ்சீரகத் தண்டோடு ஊற வைத்தது, வறண்ட உப்பில் சுருங்கிய கறுப்பு ஆலிவ் என்று வரிசையாக இருக்கும். கேட்டால் ஒன்றை எடுத்துத் தருவார்கள். வாயில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் எவ்வளவு வேண்டும் என்று சொல்வேன். நீங்களும் கடித்துப் பார்த்துத்தான் ஆரம்பித்திருக்கிறீர்கள். ஆலிவை ருசி பார்க்காமல் எந்த அளவும் சொல்ல முடியாது.

உப்பு ஏன் அவ்வளவு? மரத்திலிருந்து பறித்த ஆலிவை அப்படியே வாயில் வைக்க முடியாது. ஒலியூரோபீன் என்கிற பொருள் உள்ளே இருக்கிறது, கடுங்கசப்பு. அதை எடுக்கக் காரநீரில் (காஸ்டிக் சோடா கரைத்த நீர்) போடுவார்கள், அல்லது மாதக்கணக்கில் உப்புநீரிலேயே ஊற விடுவார்கள். நம் மாவடு மாதிரி, உப்புநீரில் கிடந்து கிடந்துதான் அது பதமாகிறது. அதனால் உப்பு கொட்டைவரை இறங்கியிருக்கும். சல்சாவில் நீங்கள் தனியாக உப்பே போடக் கூடாது, ஒரு சிட்டிகைகூட. உப்புநீரை வடித்துவிட்டு, நல்ல தண்ணீரில் அரை மணி நேரம் போட்டு வையுங்கள். நடுவில் ஒருமுறை தண்ணீரை மாற்றுங்கள். ஒன்றைக் கடித்துப் பாருங்கள். இன்னும் கரித்தால் இன்னொரு பத்து நிமிஷம். அதற்கு மேல் ஊறினால் ஆலிவின் மணமும் தண்ணீரோடு போய்விடும். எடுத்தவுடன் துணியில் பரப்பி நன்றாக ஈரம் போகத் துடையுங்கள். ஈரத்தோடு இருந்தால் எண்ணெய் அதன்மேல் ஒட்டாமல் கிண்ணத்தின் அடியில் தனியாக நிற்கும்.

கொட்டை எடுப்பதற்குக் கருவி வேண்டாம். ஆலிவைப் பலகையில் படுக்க வைத்து, அகலமான கத்தியைத் தட்டையாக மேலே வைத்து, உள்ளங்கையால் ஒரு அழுத்து. 'பட்' என்று ஒரு பக்கம் வெடிக்கும், கொஞ்சம் நீர் தெறிக்கும், பிளவு வழியாகக் கொட்டையின் நுனி தெரியும். விரலால் தள்ளினால் வந்துவிடும். ஓங்கிக் குத்தாதீர்கள், வழுக்கிக்கொண்டு அடுப்பு மேடைக்கடியில் ஓடிவிடும். சில ஆலிவில் சதை கொட்டையை விடாது. அதை மாங்காய் சீவுவதுபோல் சுற்றிச் சீவி எடுத்துக்கொள்ளுங்கள்.

நறுக்குவது கையால்தான். கத்தியோ அரிவாள்மனையோ, உங்களுக்கு எது பழக்கமோ அது. பச்சை ஆலிவ் துவரம்பருப்பைவிடக் கொஞ்சம் பெரிய துண்டாக இருக்கட்டும், கறுப்பு இன்னும் பொடியாக. எல்லாத் துண்டும் ஒரே அளவாக இருக்க வேண்டியதில்லை. வாயில் ஒரு இடத்தில் உப்பு, இன்னொரு இடத்தில் தக்காளியின் புளிப்பு என்று தனித்தனியாகத் தட்டுப்பட வேண்டும். மிக்ஸியில் ஓடவிட்டால் எல்லாம் சேர்ந்து ஒரே ருசியாகிவிடும். அது விழுது. சல்சா இல்லை. எண்ணெயையும் மிக்ஸியில் ஊற்றாதீர்கள், நல்ல ஆலிவ் எண்ணெய் பிளேடில் அடிபட்டால் கசப்பு தூக்கலாகிவிடும்.

பத்துப் பேருக்கு என்றால் நான் எடுக்கும் அளவு இது. கொட்டை எடுத்த பச்சை ஆலிவ் 200 கிராம், கறுப்பு 100 கிராம், தக்காளி நான்கு, சின்ன வெங்காயம் ஏழெட்டு, பச்சை மிளகாய் இரண்டு, கேப்பர் (உப்பிலோ வினிகரிலோ ஊறவைத்த ஒரு செடியின் பூமொட்டு) இரண்டு மேசைக்கரண்டி, கைப்பிடி கொத்தமல்லி, ஒரு எலுமிச்சை, ஆலிவ் எண்ணெய் ஐந்து மேசைக்கரண்டி. தக்காளிக்கு உங்கள் ஊரில் பெங்களூர் தக்காளி என்று நீளவாக்கில் கெட்டியாகக் கிடைக்குமே, அது போதும். நாட்டுத் தக்காளியில் சாறு அதிகம், பிரெட் சொதசொதத்துவிடும். எந்தத் தக்காளியானாலும் விதையையும் சாற்றையும் வழித்தெடுத்துவிட்டுச் சதையை மட்டும் நறுக்குங்கள்.

சின்ன வெங்காயத்தைப் பொடியாக நறுக்கி எலுமிச்சைச் சாற்றில் பத்து நிமிஷம் போட்டு வையுங்கள். பச்சை வாடை அடங்கும், சாறும் லேசாக இளஞ்சிவப்பாக மாறும். அப்புறம் ஆலிவ், கேப்பர், மிளகாய், எண்ணெய் எல்லாம் சேர்த்துப் புரட்டி மூடி, ஒரு மணி நேரம் ஃபிரிட்ஜில் வையுங்கள். தக்காளியும் கொத்தமல்லியும் பரிமாறுவதற்குக் கொஞ்சம் முன்னால்தான். முன்பே போட்டால் ஆலிவின் உப்பு தக்காளித் தண்ணீரையெல்லாம் வெளியே இழுத்துவிடும்.

நெத்திலி விஷயம். இங்கே தபெனாத் என்று ஓர் ஆலிவ் விழுது உண்டு, அதில் வழக்கமாக நெத்திலி இருக்கும். 1880-ல் இதே மார்சேயில், மேசோன் தொரே என்கிற உணவகத்தில் மெனியே என்ற சமையல்காரர் செய்தது என்று சொல்வார்கள். அவர் ஆலிவும் கேப்பரும் சம எடை போட்டு, நெத்திலியும் சூரை மீனும் சேர்த்து அரைத்து, அவித்த முட்டைக்குள் பூரணமாக வைத்தாராம். நீங்கள் பார்த்த செய்முறைகள் அந்த வழியில் வந்தவையாக இருக்கும். சல்சாவுக்கு அது தேவையே இல்லை. நெத்திலி கொடுக்கிற ஆழத்தைக் கேப்பரிடம் வாங்கிக்கொள்ளலாம். வினிகரில் போட்ட கேப்பர் கிடைத்தால் பிழிந்துவிட்டு, பாதியை முழுசாகவும் பாதியை நறுக்கியும் போடுங்கள்.

தாளிப்பு வேண்டாம். கடுகும் கறிவேப்பிலையும் எனக்கு உயிர்தான், ஆனால் சூடான எண்ணெய் பட்டதும் இந்தப் பச்சை மணம் முழுக்கப் போய்விடும்.

ஊறுகாய்_பிரியன்

அம்மா நல்லா விளக்கியிருக்கிறார்கள். ஆனால் பத்துப் பேருக்குக் கையால் நறுக்கச் சொல்வது அதிகம் இல்லையா? நான் மிக்ஸியில் விட்டு விட்டு இரண்டு தட்டுத் தட்டி எடுப்பேன், யாரும் குறை சொன்னதில்லை.

இன்னொன்று. எங்கள் வீட்டு எலுமிச்சை ஊறுகாய் ஜாடியில் ஒரு வருஷம் வெளியில்தான் இருக்கிறது. மேலே எண்ணெய் நின்றால் எதுவும் கெடாது. இதற்கும் அதே கணக்குதானே?

காரைக்கால்_மார்சேய்

மிக்ஸி பற்றி உங்களோடு சண்டை இல்லை. அவசரத்துக்கு ஆலிவை மட்டும் இரண்டு தட்டு தட்டலாம். தக்காளியையும் வெங்காயத்தையும் மட்டும் தயவுசெய்து உள்ளே போடாதீர்கள்.

வெளியில் வைப்பதைத்தான் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். உங்கள் எலுமிச்சை ஊறுகாயில் உப்பும் புளிப்பும் எவ்வளவு என்று யோசியுங்கள். அதைக் காப்பாற்றுவது அவை இரண்டும்தான். இதில் வேகாத தக்காளித் துண்டும் வேகாத வெங்காயமும் இருக்கிறது, உப்பையும் நாமே ஊறவைத்துக் குறைத்துவிட்டோம். எண்ணெய் மேலே நின்றால் காற்றைத் தடுக்கும், உண்மை. ஆனால் காற்று இல்லாத இடத்தில்தான் வளர்வேன் என்கிற கிருமியும் ஒன்று உண்டு, பொட்டுலினம். பச்சைப் பூண்டை எண்ணெயில் மூழ்கடித்து அறைச் சூட்டில் வைப்பதில் இருக்கிற ஆபத்து அதுதான். அது விடுகிற நச்சு ஆளைக் கொல்லக்கூடியது, வாசனையிலோ நிறத்திலோ காட்டிக்கொடுக்கும் என்று நம்ப முடியாது. கோவை வீட்டில் பூண்டு இல்லை, நல்லது. ஆனாலும் இதைப் படிக்கிற மற்றவர்கள் பூண்டு சேர்ப்பீர்கள் என்பதால் சொல்கிறேன்: செய்ததும் ஃபிரிட்ஜ், நாலு நாளுக்குள் காலி. தக்காளி போட்டுவிட்டால் மறுநாளே தீர்த்துவிடுங்கள், ருசியும் அதற்கு மேல் நிற்காது.

ஷார்ஜா_நெல்லை

அக்கா சொன்ன மாதிரி செய்யுங்கள், நன்றாக வரும். தக்காளியே இல்லாமல் ஒன்று நான் சொல்கிறேன். இங்கே பக்கத்து அறையில் இருக்கும் துருக்கிக்கார நண்பர் ஹத்தாய் பக்கத்து ஆள். அவர் ஊரில் பச்சை ஆலிவைத் தட்டிக் கொட்டை எடுத்து, வால்நட் பருப்பு, வெங்காயத் தாள், பார்ஸ்லி, மிளகாய்த் தூள் எல்லாம் போட்டு, மாதுளஞ்சாற்றைப் பாகாகக் காய்ச்சியது இருக்கிறதே, அதையும் ஆலிவ் எண்ணெயையும் ஊற்றிப் புரட்டுவார்கள். காலைச் சாப்பாட்டுக்கே மேசையில் வந்துவிடும். புளிப்பும் லேசான இனிப்பும் உண்டு. கோவையில் மாதுளைப் பாகு கிடைக்காவிட்டால் வீட்டிலேயே சாற்றைச் சிறுதீயில் காய்ச்சிக் கெட்டியாக்கலாம், கொஞ்சம் எலுமிச்சை பிழிந்துகொள்ளுங்கள். மிளகாய்த் தூள் நம் ஊர்த் தூள் என்றால் கையைச் சுருக்கிப் போடுங்கள். அவர்களுடையது எண்ணெய்ப்பசையோடு திப்பி திப்பியாக இருக்கும், காரம் குறைவு.

கோவை_அடுப்படி

அக்கா, அண்ணா, எல்லோருக்கும் நன்றி. இவ்வளவு விவரமாக எழுதுவீர்கள் என்று நினைக்கவில்லை. இன்றைக்கு நாலு ஆலிவில் கொட்டை எடுத்துப் பழகிப் பார்த்தேன், கத்தி வைத்து அழுத்துவது சுலபமாக வருகிறது.

கறுப்பு ஆலிவ் பாட்டிலைத் திருப்பிப் படித்தால் ஃபெரஸ் குளுக்கோனேட், 579 என்று போட்டிருக்கிறது. இது சாயமா? குழந்தைகள் சாப்பிடலாமா? கடித்தால் பச்சை அளவுக்கு ருசியும் இல்லை, ரப்பர் மாதிரி சவசவ என்று இருக்கிறது. இன்னொரு கேள்வி, மாமியாருக்குப் பிரெட் பிடிக்காது. வேறு எதோடு கொடுக்கலாம்?

காரைக்கால்_மார்சேய்

பயப்பட ஒன்றும் இல்லை. அது இரும்புச் சத்து உப்பு, உணவில் சேர்க்க அனுமதி உள்ளதுதான், குழந்தைகள் தாராளமாகச் சாப்பிடலாம். ஆனால் அந்த ஆலிவ் மரத்தில் கறுப்பானது இல்லை. பழுக்காததைப் பறித்து, காரநீரில் போட்டுக் காற்றுப் படவிட்டுக் கறுக்க வைக்கிறார்கள், அந்த நிறம் மங்காமல் நிற்க இந்த இரும்பு உப்பைச் சேர்க்கிறார்கள். கசப்பு முழுக்கப் போகிறது, கூடவே ருசியும் போகிறது. மரத்திலேயே பழுத்துக் கறுத்தது சீராக ஒரே கறுப்பாக இருக்காது. ஊதா, பழுப்பு, செம்மை எல்லாம் கலந்திருக்கும், சதை மெத்தென்று இருக்கும். இங்கே நியோன்ஸ் என்கிற ஊரின் கறுப்பு ஆலிவ் அப்படித்தான், தோல் சுருங்கி, பழுப்பு ஓடியிருக்கும். உங்கள் ஊர் பெரிய கடைகளில் கிரேக்கத்துக் கலமாட்டா ஆலிவ் கிடைத்தால் ஒரு சின்ன பாட்டில் வாங்குங்கள். கிடைக்காவிட்டால் இருப்பதையே 50 கிராமாகக் குறைத்து, பச்சையை 250 ஆக்கிவிடுங்கள். நிறத்துக்கு அது போதும்.

மாமியாருக்குத் தயிரைத் துணியில் கட்டி ராத்திரி முழுக்கத் தொங்கவிட்டு, அந்தக் கட்டித்தயிரைத் தட்டில் பரப்பி நடுவில் சல்சாவை வையுங்கள். தயிரின் புளிப்பும் ஆலிவின் உப்பும் நன்றாக ஒத்துப்போகும். தயிரில் உப்புப் போட வேண்டாம். அவித்த உருளைக்கிழங்கை இளஞ்சூட்டில் உடைத்து மேலே இரண்டு கரண்டி போட்டாலும் அருமையாக இருக்கும். இங்கே என் வீட்டில் அதுதான் முதலில் தீரும்.

மிச்சமிருக்கும் முழு ஆலிவை எண்ணெயில் போட்டு வைக்காதீர்கள், அதன் உப்புநீரிலேயே மூழ்கி இருக்கட்டும். அதனால் வடிக்கும்போது அந்த நீரைக் கொட்டாமல் பிடித்து வையுங்கள். தவறிக் கொட்டிவிட்டால் ஒரு டம்ளர் வெந்நீரில் இரண்டு டீஸ்பூன் உப்பைக் கரைத்து, ஆறியதும் ஊற்றி ஃபிரிட்ஜில் வைக்கலாம். கரண்டி சுத்தமாக, ஈரமில்லாமல் இருக்கணும்.

ஞாயிற்றுக்கிழமை சல்சாவை ஃபிரிட்ஜிலிருந்து எடுக்கும்போது எண்ணெய் வெள்ளையாக உறைந்திருக்கலாம். கெட்டுவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள், ஆலிவ் எண்ணெய் குளிரில் அப்படித்தான். விருந்தாளிகள் வருவதற்கு அரை மணி முன்னால் வெளியே வைத்தால் கரைந்துவிடும். அப்போது தக்காளியையும் கொத்தமல்லியையும் சேர்த்துப் புரட்டி, ஒரு வாய் ருசி பாருங்கள். புளிப்பு போதவில்லை என்றால் மட்டும் இன்னொரு அரை எலுமிச்சை.