ஸிப் கோப்பின் கடைசித் துண்டை மட்டும் இறக்க முடியுமா?

அண்ணாமார், அக்காமார், ஒரு உதவி. கொக்குவிலில் போன் டேட்டாவில்தான் வேலை செய்கிறேன். சேர்வரில் 3 ஜிபி ஸிப் ஒன்று. எனக்கு வேண்டியது அதற்குள் இருக்கும் ஒரேயொரு கோப்பு. ஸிப்பின் அட்டவணை (உள்ளே என்னென்ன கோப்பு எங்கே இருக்கு என்ற பட்டியல்) கடைசியில்தானே இருக்கும்? அதனால் பைதான் ஸ்கிரிப்டில் ரேஞ்ச் ஹெடர் (கோப்பின் எந்தப் பகுதி வேண்டும் என்று சேர்வருக்குச் சொல்லும் வரி) போட்டு, கடைசி 65536 பைட்டை மட்டும் கேட்டேன். 206 (கேட்ட பகுதி மட்டும் என்ற பதில் எண்) வரவேண்டிய இடத்தில் 200 (முழுவதும் என்ற பதில் எண்) வந்து, முழுக் கோப்பும் இறங்கத் தொடங்கிவிட்டது. தேத்தண்ணி குடித்துவிட்டு வந்து பார்த்தால் பாதி டேட்டா காலி!

கேர்லில் (curl, கட்டளை வரியில் கோப்பு இறக்கும் கருவி) 0-1023 என்று முன்பக்கம் கேட்டால் ஒழுங்காக 206 வருகிறது. பின்னால் இருந்து எண்ணுவதைத்தான் சேர்வர் ஏற்கவில்லையோ? மொத்த அளவை முதலில் எடுத்து, தொடக்க எண்ணை நானே கணக்குப் பார்த்துக் கேட்டால் சரிவருமா? அப்புறம், 206 வராவிட்டால் ஸ்கிரிப்ட் உடனே நிற்க என்ன எழுதவேண்டும்? தெரிந்தவர்கள் சொல்லுங்கோ.