இத்தாலிய அபத்த நகைச்சுவை: எங்கே சிரிக்க வேண்டும்?

வினவியவர்: தேடல்
இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியின் ராய் 3 அலைவரிசை ஒளிபரப்பிய ‘சீனிகோ டிவி’ நிகழ்ச்சியின் சில துண்டுகளைப் பார்த்தேன். கறுப்பு வெள்ளைப் படம். சிசிலித் தீவின் பலேர்மோ நகரத்துப் பாழ்நிலத்தில் ஓர் ஆள் அசையாமல் நிற்கிறார். திரைக்கு வெளியிலிருந்து ஒரு குரல் கேள்வி மேல் கேள்வியாகக் கேட்கிறது. இதில் கேலி செய்யப்படுவது யார்? அந்த ஏழை மனிதர்தான் என்றால் எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மறுமொழி: நிலைக்கண்ணாடி
நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். அந்தக் குரல் இயக்குநர் ஃப்ராங்கோ மரேஸ்கோவுடையது. அவருடன் சேர்ந்து இயக்கியவர் டானியேலே சிப்ரி. 1980களில் ஊடக முதலாளி பெர்லுஸ்கோனியின் தனியார் அலைவரிசைகள் வண்ண விளக்குகளையும் நடன மங்கையரையும் ஒவ்வொரு வீட்டுக்குள்ளும் கொண்டுவந்து நிரப்பிய பிறகு, அந்தப் பளபளப்பில் ஒரு துளிகூட இல்லாத திரையைக் காட்டுவதே இவர்களின் பதிலடி என்பது என் வாசிப்பு. கேலிக்குள்ளாவது நிற்பவர் அல்லர். எவரிடமும் மைக்கை நீட்டி எதையாவது பேசவைத்துவிடும் பேட்டிச் சடங்குதான்.

மறுமொழி: பழைய ஆன்டெனா
சீனிகோவில் தொடங்கினால் மிரட்சிதான் மிஞ்சும். தொலைக்காட்சித் தொகுப்பாளர் ரென்ட்ஸோ ஆர்போரே 1987 டிசம்பரிலிருந்து 1988 மார்ச் வரை ராய் 2இல் நடத்திய ‘இன்டியேத்ரோ துட்டா!’வை முதலில் பாருங்கள். பார்வையாளர்களையே வடக்கு, தெற்கு என்று இரண்டு கட்சியாகப் பிரித்து உட்காரவைத்து, இத்தாலியின் தீராத பங்காளிச் சண்டையை அசட்டு வினாடி வினாவாக மாற்றியிருப்பார்கள். அதைவிட ருசியானது ‘காக்காவோ மெராவில்யாவோ’: நடனப் பெண்கள் சாம்பா மெட்டில் பாடிப் புகழ்ந்த, உலகத்தில் எங்குமே இல்லாத ஒரு கோகோ தூள். விளம்பரதாரர் இல்லாமல் நிகழ்ச்சியே இல்லை என்ற காலத்தைப் பகடி செய்யப் புனைந்த அந்தப் பொருளை, மக்கள் கடைகளில் போய்க் கேட்கத் தொடங்கிவிட்டார்கள். பகடி தோற்றதா, வென்றதா என்று இன்றுவரை என்னால் சொல்ல முடியவில்லை.

மறுமொழி: இரண்டு விழுக்காடு
மொழி தெரியாதவருக்கு நகைச்சுவைக் கலைஞர் மாச்சோ கப்பத்தோண்டாவின் போலித் திரைப்பட முன்னோட்டங்களே எளிது. அவற்றிலொன்று பின்னர் ‘இத்தாலியானோ மெதியோ’ என்று 2015இல் முழுப்படமானது. சுற்றுச்சூழலை எண்ணியெண்ணி நிம்மதியிழந்த ஒருவன், மூளையில் இரண்டு விழுக்காட்டை மட்டும் இயங்கவிடும் மாத்திரையை விழுங்கி, கவலையற்ற சராசரி இத்தாலியனாகிவிடுகிறான்! இன்னொரு நகைச்சுவைக் கலைஞரான கொராடோ குட்ஸாந்தியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். அவருடைய அரசியல் பகடி, பெயர்கள் தெரியாவிட்டால் பாதி நழுவிவிடும்.

வினவியவர்: தேடல்
நன்றி. அந்தக் குரலை மட்டும் கவனித்துப் பழைய துண்டொன்றை மறுபடி பார்த்தேன். ஆள் பதில் சொல்லாமல் நிற்க, குரல் அதே கேள்வியை இன்னும் மரியாதையாகக் கேட்டது, சிரித்துவிட்டேன்.