பேரிக்காய் மரத்தைக் குத்தகைக்கு விட்டிருப்பவர்கள் கவனத்துக்கு

அண்ணன் தம்பி, அக்கா தங்கச்சி எல்லோருக்கும் வணக்கம்.

லீவில் கொடைக்கானல் பக்கத்து நம்ம வில்பட்டிக்கு வந்து பத்து நாள் ஆகிறது. பேரிக்காய் சமயம். சித்தப்பாவோடு நானும் சாக்கை மடியாகக் கட்டிக்கொண்டு தோட்டத்தில் இறங்கினேன். ஈரம் காயும்வரை மரத்தில் கை வைக்க விடமாட்டார். அதுவரை காபி, அப்புறம் ராத்திரி காட்டுமாடு எந்தப் பக்கத்து வேலியை முட்டியது என்ற விசாரணை.

பறிக்க ஆரம்பித்தால் பேச்சே கிடையாது. காயை உள்ளங்கையில் ஏந்தி, இழுக்காமல் மேலே தூக்க வேண்டும். முற்றிய காய் என்றால் காம்பு சேருகிற கணுவில் ‘டக்’கென்று விட்டுவிடும். விடவில்லையா, பேசாமல் அடுத்த காய்க்குப் போக வேண்டியதுதான். மரத்திலேயே கனியட்டும் என்று பேரியை விடவும் முடியாது. அது உள்ளிருந்து கனிகிற சாதி. மேலே பச்சையாக இருக்கும்போதே நடுவில் பழுப்பேறிக் குழைந்துவிடும்.

முதல் கூடையில் ஐந்தாறு காயை நான் வெடுக்கென்று இழுத்துவிட்டேன். சித்தப்பா திட்டவில்லை. அதில் ஒன்றை எடுத்து, காம்போடு பிய்ந்து வந்திருந்த குட்டைக் கிளையைக் காட்டினார். அரை விரல் நீளம், வளையம் வளையமாகச் சுருக்கம், பக்கத்தில் ஒரு சின்ன மொட்டு.

“இதுதாண்டா அடுத்த வருஷக் காய்.”

அந்தக் குட்டைக் கிளைதான் வருஷா வருஷம் காய்க்கும். இந்த வருஷக் காய் தொங்கும்போதே அடுத்த பூவுக்கான மொட்டு அங்கே கட்டிவிடுகிறது.

நம்மில் பாதிப்பேர் மரத்தைக் குத்தகைக்கு விட்டுவிட்டு எங்கெங்கேயோ இருக்கிறோம். என் எட்டு மரத்தையும் போன வருஷம் அப்படித்தான் விட்டேன். எடுத்தவர் யார் என்பது வேண்டாம். கூலியை மிச்சம் பிடிக்கத் தொரட்டியால் இழுத்தும் கிளையை உலுக்கியும் இறக்கியிருக்கிறார். பணம் சரியாக வந்தது, நானும் சந்தோஷமாக இருந்துவிட்டேன். மாசியில் எல்லா மரமும் பூத்தபோது என் மரங்களில் பாதிக் கிளை மொட்டையாக நின்றதாம். இப்போது எட்டிலும் சேர்த்து மூன்று கூடை. வரப்புக்கு அந்தப் பக்கம் சித்தப்பாவின் மரங்களுக்குக் கிளை தாங்காமல் முட்டுக் கொடுத்திருக்கிறது.

அடுத்த குத்தகை பேசும்போது ‘கையால்தான் பறிக்க வேண்டும்’ என்று ஒரு வரி எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். பறிக்கிற அன்று போய் நிற்கச் சித்தப்பா சம்மதித்திருக்கிறார். யார் யார் மரம் என்று எழுதினால் அவரிடம் சொல்லிவிட்டுக் கிளம்புவேன்.

வைக்கோலில் ஒரு பெட்டி காய் போட்டு வைத்திருக்கிறேன். சென்னையில் இருப்பவர்கள் சொல்லுங்கள், போகிற வழியில் தருகிறேன். கல் மாதிரி இருக்கிறதே என்று திட்ட வேண்டாம், ஒரு வாரம் பொறுங்கள்.