பபூன் குரங்குகளும் ஸோலி சுக்கர்மேனும்: நேரில் பார்த்தவர்கள் எழுதுங்கள்

தாயிஃப் டிரைவர்:
சவூதியில் தாயிஃப் பக்கம் அல் ஹதா மலைப்பாதையில் வண்டியை ஓரங்கட்டியிருந்தேன். பெண் பபூன் ஒன்று கூட்டத்தை விட்டுக் கொஞ்சம் விலகி வந்தது. வெள்ளைப் பிடரி ஆண் பாய்ந்து அதன் பின்கழுத்தைக் கவ்வியது. ரத்தம் வரவில்லை. பெண் கத்திக்கொண்டே அந்த ஆணின் பின்னால் ஓடியது. அந்தக் கத்தல் இன்னும் காதை விட்டுப் போகவில்லை. ஆண் அடக்கி ஆள்வதுதான் குரங்குக் கூட்டம் என்று பிரிட்டிஷ் விலங்கியல் அறிஞர் ஸோலி சுக்கர்மேன் சொன்னது சரிதான் போலிருக்கிறது.

லண்டன்வாசி:
அண்ணா, அவர் அதை எங்கே பார்த்தார்? லண்டன் ரீஜண்ட்ஸ் பார்க் மிருகக்காட்சிசாலையில் 1925இல் திறந்த 'மங்கி ஹில்' பாறைத் திட்டில். நீங்கள் பார்த்த அதே இனமான ஹமத்ரியாஸ் பபூன்கள், ஆண்களாகவே சுமார் நூறு, நடுவில் தெரியாமல் வந்து சேர்ந்த ஆறு பெண்கள். 1927இல் இன்னும் 30 பெண்களை உள்ளே விட்டார்கள். சில வருடத்தில் 30 பெண்கள் சண்டையிலேயே செத்துப்போயின. ஓட இடமில்லாத இடத்தில் வேறென்ன நடக்கும்? 1960களில் எத்தியோப்பியக் காட்டில் விலங்கியல் ஆய்வாளர் ஹான்ஸ் கும்மர் இதே பபூன்களைப் பார்த்தபோது, அடுத்தவனின் துணையை மற்ற ஆண்கள் பெரும்பாலும் தொடவே இல்லை. நீங்கள் பார்த்த கழுத்துக்கடி அங்கேயும் உண்டு, அந்தச் சாவுகள் இல்லை. போன மாதம் அதே மிருகக்காட்சிசாலையில் ஒரு கொரில்லா எங்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தது. "அதுக்கு நம்மளப் பாக்கப் பிடிக்கலையாம்மா?" என்றாள் மகள். பதில் சொல்ல முடியவில்லை.

ஹல் மாணவன்:
அந்த ஒரு தப்பை வைத்தே சுக்கர்மேனை ஒதுக்கிவிடாதீர்கள் அக்கா. இங்கிலாந்தின் ஹல் நகரில் நான் தங்கியிருந்த வீட்டுப் பாட்டி சொன்னார்: இரண்டாம் உலகப் போரில் ஜெர்மன் குண்டு விழுந்த மறுநாள் அவர் அம்மா கண்ணாடித் தூளைப் பெருக்கித் தள்ளிவிட்டு வேலைக்குக் கிளம்பிவிட்டாராம். பெருக்கிக் காட்டிய கை நடுங்கியது. ஹல்லிலும் பர்மிங்ஹாமிலும் 1942இல் சுக்கர்மேனும் இயற்பியலாளர் பெர்னாலும் எடுத்த கணக்கும் அதையே சொன்னது: மக்கள் பீதியில் உடையவில்லை. பிரதமர் சர்ச்சிலின் அறிவியல் ஆலோசகர் செர்வெல் பிரபுவோ அதே ஆய்வைக் காட்டி ஜெர்மன் வீடுகள் மேல் குண்டு போடச் சொன்னார். 1944இல், பிரான்சில் நேசப் படை இறங்கும் முன், அங்குள்ள ரயில் பாதைகளை அடியுங்கள் என்று வாதாடியவர் சுக்கர்மேன். 1964 முதல் 1971 வரை பிரிட்டிஷ் அரசின் தலைமை அறிவியல் ஆலோசகர் அவர்தான்.

ஜித்தா பாய்:
நானும் அல் ஹதாவில் பார்த்திருக்கிறேன், ஒரு பபூன் வாழைப்பழத்துக்காகக் குழந்தையின் கையைப் பிடித்து இழுத்தது. டிரைவர் தம்பி, அங்கே நின்றால் கண்ணாடியை முழுக்க ஏற்றிவிடுங்கள். ரொட்டி, பழம் எதுவும் வெளியே தெரியக் கூடாது. ஒரு குரங்குக்குத் தீனி போட்டால் கூட்டமே வரும். குட்டி தனியாக இருக்கிறதே என்று கிட்டே போகாதீர்கள், பக்கத்திலேயே பெரியது இருக்கும். கண்ணை முறைத்துப் பார்க்காதீர்கள், பல்லைக் காட்டிச் சிரிக்காதீர்கள். கடித்தால் காயத்தைச் சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் பதினைந்து நிமிடம் கழுவிவிட்டு உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள், வெறிநாய்க்கடி ஊசி வேண்டியிருக்கும்.