ஒரு ஆளுக்கு ஹேக் மீன் ஓவனில் வைத்தால் தண்ணீர் விட்டுக்கொள்கிறது, உதவி தேவை

தனிப்பசி:
அவசரம். ஹேக் ஒரு துண்டு, மேலே வெண்ணெய், பூண்டு, எலுமிச்சைச் சாறு, ரொட்டித்தூள். அவ்வளவுதான் செய்முறை. ஓவனில் வைத்தால் பாத்திரம் முழுக்கத் தண்ணீர் தேங்கி நிற்கிறது. ரொட்டித்தூள் சொதசொதவென்று ஆகிவிடுகிறது. 20 நிமிடம் போதும் என்று படித்தேன், 35 நிமிடம் வைத்தும் மேலே சிவக்கவே இல்லை. மீனும் வெளுத்துப்போய் மென்றால் இழுக்கிறது. எங்கே தப்பு? இன்றைக்கு ராத்திரிச் சாப்பாடே இதுதான், சீக்கிரம் சொல்லுங்கள்.

கடுகுதாளிப்பு:
எந்த மாதிரி ஓவன்? எத்தனை டிகிரி? பாக்கெட் மீனா, கடையில் வெட்டி வாங்கியதா? உறைந்தபடியே வைத்தீர்களா? எந்தப் பாத்திரம், மேலே எதையாவது மூடினீர்களா? இதில் ஒன்றுகூடச் சொல்லாமல் எங்கே தப்பு என்றால் நாங்கள் ஜோசியமா பார்ப்பது?

மேட்டுநிலம்:
நீங்களும் தென்னாப்பிரிக்காவில் ஜோபர்க் (ஜோகன்னஸ்பர்க்) பக்கம் இருந்தால் காரணம் உயரம்தான். இங்கே நாங்கள் கடல் மட்டத்திலிருந்து சுமார் 1750 மீட்டர் மேலே இருக்கிறோம். தண்ணீர் 94 டிகிரியிலேயே கொதித்துவிடும். பருப்பு வேக எவ்வளவு நேரம் ஆகிறது என்று நம் ஆட்கள் நிறைந்த லெனேசியாவில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். மீனுக்கும் அதே கதைதான். இன்னும் 15 நிமிடம் கூட்டி வையுங்கள்.

பழம்பெருச்சாளி:
தேடுபெட்டி என்று ஒன்று மேலே இருக்கிறது. அதைத் தட்டிப் பார்க்கும் பழக்கம் புதிதாக வருகிறவர்களுக்கு இல்லை, போகட்டும். மேட்டுநிலம், உயரம் பாதிப்பது தண்ணீரில் வேகிற பொருளை. பருப்புக்குச் சரி, ஓவனின் காற்றில் வேகும் மீனுக்கு அந்தக் கணக்கு செல்லாது. மீன் சதையின் நடுப்பகுதி 60 டிகிரியைத் தொட்டாலே வெந்துவிட்டது என்று அர்த்தம். அதற்கு மேல் போகப் போகச் சதை இறுகித் தன்னிடம் உள்ள நீரைப் பிழிந்து வெளியே தள்ளும். 35 நிமிடம் வைத்தவருக்கு இன்னும் 15 நிமிடம் சேர்க்கச் சொல்வதற்கு ஒரு தைரியம் வேண்டும். ஓவனை முதலில் சூடாக்க வேண்டும் என்பது பாலபாடம். அதை எத்தனை இழையில் எழுதியிருக்கிறேன் என்று எனக்கே நினைவில்லை.

தனிப்பசி:
டர்பன். சின்ன ஓவன். 180. பாக்கெட் மீன். கண்ணாடிப் பாத்திரம்.

மேட்டுநிலம்:
டர்பனா, முதலிலேயே சொல்லியிருக்கலாமே. அப்படியானால் கடற்கரை ஈரம்தான். காற்றிலேயே அவ்வளவு நீர் இருக்கிறது, ரொட்டித்தூள் எப்படி மொறுமொறுப்பாகும்?

கடுகுதாளிப்பு:
அண்ணா, சூடான ஓவனுக்குள் கடற்காற்று வந்து என்ன செய்யப்போகிறது? விடுங்கள்.

தனிப்பசி, சின்ன ஓவன் என்றால் தலையில் இரண்டு ஹாட்பிளேட் உள்ள வகையா? அதில் ஒரு குமிழ் இருக்கும்: கீழ்க்கம்பி மட்டும், மேல்கம்பி மட்டும், இரண்டும். உங்களுடையது எதில் நிற்கிறது? சில மாடல்களில் ஹாட்பிளேட்டைப் போட்டால் ஓவன் நின்றுவிடும். அதையும் பாருங்கள். உறைந்தபடியே வைத்தீர்களா என்ற கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை.

வலைக்காரர்பேத்தி:
எங்கள் தாத்தா டர்பன் துறைமுகத்தில் கரைவலை இழுத்தவர். வீட்டில் மீனைப் பற்றிப் பேச்சு வந்தால் அவர் முதலில் கேட்பது "எந்த மீன்?" என்றுதான், அதனால் அங்கிருந்தே தொடங்குகிறேன்.

ஹேக் இயல்பிலேயே நீர் மிகுந்த, இளகின சதை. வஞ்சிரம் மாதிரி கெட்டியாக நிற்காது. கேப் கடலில் இழுவைப்படகில் பிடித்து உடனே உறைய வைக்கிறார்கள். ஒவ்வொரு துண்டின் மேலும் மெல்லிய பனிப்பூச்சு இருக்கும், காய்ந்துபோகாமல் காப்பதற்காக. நீங்கள் உறைந்தபடியே பாத்திரத்தில் வைத்தால் அந்தப் பனி முழுவதும் உருகி மீனைச் சுற்றித் தேங்கும். தண்ணீர் இருக்கிற வரை அந்த இடத்தின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது, நீங்கள் 180 வைத்தாலும் 220 வைத்தாலும். அதாவது மீன் வேகிறது, ஆனால் அவிந்து வேகிறது. மேலே சிவக்காததற்குக் காரணம் அதுதான்.

பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படியுங்கள். பாஸ்பேட் என்றோ, இ 451 என்றோ இருந்தால் சதைக்குள் நீரைப் பிடித்து வைக்க ஏதோ சேர்த்திருக்கிறார்கள். அந்தத் துண்டு எப்படிச் செய்தாலும் கொஞ்சம் நீர் விடும், மென்றால் ஒரு மாதிரி வழுக்கலாகவும் இருக்கும். பொருள்பட்டியலில் மீன் மட்டும் இருக்கிற பாக்கெட்டாகப் பார்த்து வாங்குங்கள்.

இன்னொன்று, ஃப்ரீசரில் ஒரு தடவை உருகி மறுபடி உறைந்த மீன் தேறாது. வீட்டு ஃப்ரீசர் மெதுவாக உறைய வைப்பதால் பனித்துகள் பெரிதாகிச் சதையைக் கிழித்துவிடும், பிறகு உருகும்போது நீர் நிற்காமல் கொட்டும். லோட்ஷெடிங் (முறைவைத்து மின்வெட்டு) நாட்களில் எங்கள் ஃப்ரீசரில் இருந்ததெல்லாம் இப்படித்தான் ஆனது.

கடலோரம்:
டர்பனில் உட்கார்ந்துகொண்டு உறைந்த ஹேக் எதற்கு? ஷாட் மீன் பிடித்து வாருங்கள். அதுதான் மீன்.

வலைக்காரர்பேத்தி:
இது அக்டோபர். ஷாட் பிடிக்க அக்டோபர் 1 முதல் நவம்பர் 30 வரை தடை. பிடித்து அபராதம் கட்டுவதற்கா?

தனிப்பசி:
ஆமாம், உறைந்தபடியேதான் வைத்தேன். குமிழை இனிமேல்தான் பார்க்க வேண்டும், ஓவன் காரேஜில் இருக்கிறது. வீட்டில் புரட்டாசி. மனைவி, மாமியார் எல்லோரும் விரதம், சமையலறையில் மீன் வாடை வரக்கூடாது என்று கண்டிப்பு. அதனால்தான் எனக்கு மட்டும் ஒரு துண்டு. காரேஜில் பிளக் இல்லை, வீட்டிலிருந்து எக்ஸ்டென்ஷன் இழுத்திருக்கிறேன்.

கடுகுதாளிப்பு:
இதைத்தான் முதல் வரியில் எழுதியிருக்க வேண்டும்!

மின்கம்பி:
நில்லுங்கள். எக்ஸ்டென்ஷன் எந்த வகை? உருளையில் சுற்றி வருகிற ரீலா? சின்ன ஓவன் 1400 வாட் என்று வைத்துக்கொண்டால் 230 வோல்ட்டில் 6 ஆம்பியர் இழுக்கும். ஹாட்பிளேட்டும் சேர்ந்தால் இன்னும் அதிகம். ரீலைச் சுற்றியபடியே விட்டு ஓட்டினால் உள் சுற்றுகளில் சூடு வெளியேற வழியில்லாமல் பிளாஸ்டிக் இளகி ஒட்டிக்கொள்ளும், தீப்பிடிக்கவும் செய்யும். சுற்றியிருந்தால் எவ்வளவு, விரித்தால் எவ்வளவு என்று ரீலின் மேலேயே இரண்டு எண் போட்டிருப்பார்கள், பாருங்கள். முழுக்க விரித்துவிட்டு ஓட்டுங்கள். பெட்ரோல் கேன், பெயின்ட் டப்பா பக்கத்தில் வேண்டாம்.

மீன் சிவக்காததற்கு ஒயர் காரணமா என்றால், இல்லை. அந்த நீளத்தில் நாலைந்து வோல்ட் குறைந்தாலும் ஓவனுக்குத் தெரியாது.

நெல்லைச்சீமை:
நான் ஊரிலிருந்து இங்கே வேலைக்கு வந்தவன். எங்கள் வீட்டில் புரட்டாசி என்றால் சனிக்கிழமை மட்டும்தான். மாசம் முழுக்கக் கவிச்சி கிடையாது என்று இங்கே வந்துதான் பார்த்தேன். காரேஜுக்கு நாடு கடத்துகிற அளவுக்கா?

பழம்பெருச்சாளி:
உங்கள் வீட்டு வழக்கத்தை ஊர் வழக்கம் என்று எழுத வேண்டாம். தமிழ்நாட்டிலும் மாதம் முழுவதும் விடுகிற குடும்பங்கள் ஏராளம். 1860-இல் ட்ரூரோ கப்பலில் மெட்ராஸிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாக டர்பனில் வந்து இறங்கியவர்களின் பிள்ளைகள், கரும்புத் தோட்டத்தில் ஒன்றும் இல்லாத நிலையிலும் விடாமல் வைத்திருந்த விரதம் இது. மொழி போன வீட்டில்கூட புரட்டாசி போகவில்லை.

மேட்டுநிலம்:
அது மட்டுமா, புரட்டாசியில் சூட்டு நோய் வரும் என்பதால் முன்னோர்கள் அறிவியல்பூர்வமாகத்தான் இறைச்சியை விலக்கினார்கள்.

கடுகுதாளிப்பு:
அந்தச் சூட்டுக்கணக்கு தமிழ்நாட்டுப் பருவத்துக்கு. இங்கே இது வசந்தகாலம், நேற்று ராத்திரி நான் கம்பளி போர்த்திப் படுத்தேன். பெருமாளுக்காக இருக்கிறோம் என்று சொன்னாலே போதும், அறிவியலை எதற்கு இழுக்கிறீர்கள்?

கடலோரம்:
விரத வீட்டில் இருந்துகொண்டு ஒளித்துச் சாப்பிடுவதைவிட ஒரு மாதம் கத்தரிக்காய் சாப்பிட்டால் என்ன குறைந்துவிடும்?

நெல்லைச்சீமை:
ஒளித்து எங்கே சாப்பிடுகிறார்? மனைவிக்குத் தெரிந்துதானே காரேஜுக்குப் போயிருக்கிறார். மனைவி விரதம் இருக்கிறார், இவர் இருக்கவில்லை, இரண்டு பேரும் ஒரே கூரையின் கீழ் சண்டையில்லாமல் இருக்கிறார்கள். இதில் உங்களுக்கு என்ன வருத்தம்?

பழம்பெருச்சாளி:
அந்தக் கண்ணாடிப் பாத்திரம் எந்தச் சமையலறையுடையது என்று யாரும் கேட்கவில்லை.

வலைக்காரர்பேத்தி:
புரட்டாசிக்குத் தனி இழை தொடங்குங்கள், இவர் இன்னும் பசியோடு இருக்கிறார்.

தனிப்பசி அண்ணா, இன்றைக்கு ராத்திரிக்கு இப்படிச் செய்யுங்கள். துண்டைப் பாக்கெட்டிலிருந்து எடுத்து, கசியாத பையில் போட்டுக் குளிர்ந்த தண்ணீரில் மூழ்க வையுங்கள். 200 கிராம் துண்டு முக்கால் மணி நேரத்தில் இளகிவிடும். வெந்நீர் வேண்டாம். நாளையிலிருந்து காலையிலேயே ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் ஒரு தட்டில் வைத்துவிடுங்கள். காற்று இல்லாமல் இறுக்கி அடைத்த பாக்கெட் என்றால் பிரித்துத்தான் உருக வைக்க வேண்டும்.

இளகியதும் இரண்டு பக்கமும் உப்பு தூவிக் கால் மணி நேரம் விடுங்கள். மேலே முத்து முத்தாக நீர் கோத்து நிற்கும். அதைத் தாளால் நன்றாக அழுத்தி ஒற்றி எடுங்கள். ஒரு தாள் நனைந்தால் அடுத்த தாள். விரல் வைத்தால் ஈரம் ஒட்டாமல் லேசாகப் பிசுபிசுக்க வேண்டும், அதுதான் கணக்கு.

ரொட்டித்தூளைப் பச்சையாகப் போடாதீர்கள். ஒரு வாய் மீன் வேகிற நேரத்தில் அது சிவக்காது. வாணலியில் வெண்ணெய், பூண்டோடு முன்னாலேயே பொன்னிறமாக வறுத்து வைத்துக்கொள்ளுங்கள், மசாலாத்தூள் கால் ஸ்பூன் போட்டாலும் நன்றாக இருக்கும். வாணலியில் மீன் இல்லை, ஆகவே இதை உங்கள் வீட்டுச் சமையலறையிலேயே செய்யலாம், கேட்டுவிட்டுச் செய்யுங்கள். எலுமிச்சை வெந்த பிறகுதான். முதலிலேயே பிழிந்தால் அதுவும் ஒரு தண்ணீர்.

ஆழமான கண்ணாடிப் பாத்திரம் ஒரு துண்டுக்கு ஒத்துவராது. அது சூடேறவே நேரம் பிடிக்கும், உயரமான சுவருக்குள் ஆவியும் அடைபடும். ஓவனோடு வந்த தகரத் தட்டு இருந்தால் அதில் எண்ணெய் தடவி வையுங்கள். 220-இல் இரண்டு கம்பியும் போட்டு, காலித் தட்டோடு 15 நிமிடம் சூடாக்கிவிட்டு மீனை வையுங்கள். இரண்டு விரல்கடை கனம் இருந்தால் 10 முதல் 12 நிமிடம். 8-ஆவது நிமிடத்தில் தூளை மேலே பரப்புங்கள். அதற்கு முன் கதவைத் திறந்து பார்த்துக்கொண்டே இருக்காதீர்கள், சின்ன ஓவனில் சூடு ஒரே நொடியில் போய்விடும். முள்கரண்டியால் தொட்டால் இதழ் இதழாகப் பிரிய வேண்டும்.

பழம்பெருச்சாளி:
நான் மேலே சொன்னதும் இதுவேதான், சுருக்கமாக.

மின்கம்பி:
ரீல் என்ன ஆச்சு?

தனிப்பசி:
மீன் நன்றாக வந்துவிட்டது. குமிழ் கீழ்க்கம்பியில் மட்டும் நின்றது. இரண்டும் போட்டேன், தகரத் தட்டு, 11 நிமிடம். தட்டில் ஒரு ஸ்பூன் நீர்தான். மேலே மொறுமொறு. நன்றி அக்கா.

மின்கம்பி:
மகிழ்ச்சி. ரீல்?

புதுவரவு:
இறாலுக்கும் இதே 11 நிமிடம்தானா? உரித்த இறால், ஒரு ஆளுக்கு.

வலைக்காரர்பேத்தி:
இல்லை. பெரிய இறாலே 6, 7 நிமிடத்தில் வெந்துவிடும். வளைந்து சிவந்ததும் எடுத்துவிடுங்கள். உறைந்ததா, புதுசா?