கணினியில் நிறுவிய விளையாட்டுகளைத் தேடிப் போன கதைகள்

செந்தூல் கணக்கர்:

சென்ற பள்ளி விடுமுறையில் என் மகனின் கணினி, இடமில்லை என்று நாளுக்கு நான்கு முறை எச்சரிக்கத் தொடங்கியது. அதில் சி டிரைவாக இருப்பது 256 ஜிபி எஸ்எஸ்டி சேமிப்பகம். விற்பவர்கள் ஆயிரத்தின் மடங்கிலும் விண்டோஸ் 1,024இன் மடங்கிலும் எண்ணுவதால், திரையில் அது 238 ஜிபி என்றே தெரியும். அந்த 238இல் மிஞ்சியிருந்தது 3 ஜிபிகூட இல்லை. ஆனால் கோலாலம்பூரின் கணினி அங்காடியான லோ யாட் பிளாசாவில் வாங்கிப் பொருத்திய ஒரு டெராபைட் டி டிரைவ் கிட்டத்தட்டக் காலியாகவே கிடந்தது. பெரிய டிரைவ் வந்துவிட்டதால் விளையாட்டுகள் எல்லாம் இனி அங்கேதான் போகும் என்று நானும் மகனும் நம்பிக்கொண்டிருந்தோமே தவிர, அதைக் கணினியிடம் யாரும் சொல்லவில்லை.

முதலில் திரையில் உள்ள விளையாட்டின் படவுருவின் (ஐகான்) மேல் வலது சொடுக்கிப் பார்த்தேன். சாதாரண நிரலாக இருந்தால், 'ஓபன் ஃபைல் லொகேஷன்' என்ற வரி நேராக உரிய கோப்புறைக்கு அழைத்துச் செல்லும். விளையாட்டுகளை இணையத்தில் விற்று நிறுவித் தரும் ஸ்டீம் செயலி போடும் படவுருவோ உண்மையில் ஓர் இணைய முகவரியைப் போன்றது. 'ஸ்டீம்' என்று தொடங்கி, அந்த விளையாட்டுக்குரிய எண்ணில் முடிகிறது. அதில் கோப்புறையின் பெயரே கிடையாது. அரை மணி நேரம் கழித்துத்தான், ஸ்டீமுக்குள் சென்று விளையாட்டின் பெயர்மீது வலது சொடுக்கி, 'மேனேஜ்' என்பதன் கீழுள்ள 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்' என்பதை அழுத்தினால் கோப்புறை தானே திறக்கும் என்பதை மகனின் நண்பன் சொல்லித் தெரிந்துகொண்டேன். நாம் எதையும் மாற்றாவிட்டால் அது இருக்கும் இடம் சி டிரைவில், எக்ஸ்86 என்ற ஒட்டுடன் வரும் புரோகிராம் ஃபைல்ஸில், ஸ்டீம் கோப்புறைக்குள், ஸ்டீம்ஆப்ஸ் என்பதற்குள் உள்ள காமன் என்ற கோப்புறை. அந்த எக்ஸ்86 ஒட்டு 32 பிட் எனப்படும் பழைய வகை நிரல்களுக்காக விண்டோஸ் தனியே ஒதுக்கிய இடத்தைக் குறிக்கிறது. ஸ்டீமை அங்கே நிறுவியதால், விளையாட்டு 64 பிட் என்ற புதிய வகையாக இருந்தாலும் அதுவும் அதே கூரையின்கீழ் போய்ச் சேர்ந்துவிடுகிறது.

இடத்தைக் கண்டுபிடித்த மகிழ்ச்சியில் நான் செய்த தவற்றையும் சொல்லிவிடுகிறேன். பால்டர்ஸ் கேட் 3 என்ற விளையாட்டுக்கு மட்டும் 150 ஜிபி இடம் வேண்டும் என்று அதன் தேவைப் பட்டியலே கேட்கிறது. அந்தக் கோப்புறையை வெட்டி டி டிரைவில் ஒட்டினேன். மறுநாள் மகன் விளையாட உட்கார்ந்தபோது, ஸ்டீம் அந்த விளையாட்டைக் காணவில்லை என்று கருதி முழுவதையும் மறுபடி பதிவிறக்க ஆயத்தமாகிவிட்டது. உண்மையில் ஸ்டீமின் அமைப்புகளில் 'ஸ்டோரேஜ்' என்ற பக்கத்துக்குப் போய், டி டிரைவையும் ஒரு நூலகமாகச் சேர்த்து, அங்கிருந்தே 'மூவ்' கொடுத்திருக்க வேண்டும். அப்படிச் செய்தால் கோப்புகள் இடம் மாறுவதோடு, மாறிய செய்தி ஸ்டீமின் பதிவேட்டிலும் ஏறிவிடுகிறது. உங்களுக்கு இப்படி ஏதேனும் நேர்ந்திருந்தால் எழுதுங்கள்.

பினாங்கு இரவுப்பணி:

ஐயா, நீங்கள் வெட்டி ஒட்டியதோடு நிறுத்திக்கொண்டீர்கள். நான் பூட்டையே உடைத்தவன். பாயான் லெப்பாஸில் இரவுப்பணி முடிந்து வந்து, தூக்கம் வராத ஒரு காலையில், மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் செயலி வழியே நிறுவிய விளையாட்டு எங்கே இருக்கிறது என்று தேடினேன். அந்தக் காலத்தில் அவை புரோகிராம் ஃபைல்ஸுக்குள் மறைத்து வைக்கப்பட்டிருக்கும் விண்டோஸ்ஆப்ஸ் என்ற கோப்புறையில் இருந்தன. திறக்கப் போனால் அனுமதி இல்லை என்றது. நிர்வாகியாக நுழைந்தாலும் அதே பதில்தான், ஏனென்றால் அந்தக் கோப்புறையின் உரிமையாளர் 'டிரஸ்டட் இன்ஸ்டாலர்' என்ற விண்டோஸ் கணக்கே அன்றி நாம் அல்லர். எனக்குச் சொந்தமான கணினியில் எனக்கே அனுமதி இல்லையா என்ற கோபத்தில், உரிமையை என் பெயருக்கு மாற்றி, அனுமதிகளையும் கண்டபடி திருத்தினேன். கோப்புறை திறந்தது. ஆனால் அன்று மாலை கணக்குப்பொறிகூடத் திறக்கவில்லை. விண்டோஸோடு வரும் பல சிறு செயலிகளும் அதே கோப்புறையில்தான் குடியிருக்கின்றன என்பதும், அவை தமக்குரிய அனுமதிகள் இருந்தால்தான் இயங்கும் என்பதும் அப்போது எனக்குத் தெரியாது. கடைசியில் விண்டோஸையே மறுபடி நிறுவினேன்.

இப்போது அந்தத் தொல்லை குறைந்துவிட்டது. அண்மைக் கால எக்ஸ்பாக்ஸ் செயலி, டிரைவின் தொடக்கத்திலேயே எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ் என்ற கோப்புறையை உண்டாக்கி, விளையாட்டின் பெயருக்குள் 'கன்டென்ட்' என்ற உள்ளறையில் கோப்புகளை வைக்கிறது. எபிக் என்ற இன்னொரு இணையக் கடையின் விளையாட்டுகள் எக்ஸ்86 ஒட்டில்லாத புரோகிராம் ஃபைல்ஸில் எபிக் கேம்ஸ் என்ற பெயரிலும், ரயட் நிறுவனத்தின் விளையாட்டுகள் சி டிரைவின் வாசலிலேயே ரயட் கேம்ஸ் என்ற பெயரிலும் இருக்கும். எல்லாவற்றையும் மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போது ஆல்ட், டேப் அழுத்தி வெளியே வந்து, டாஸ்க் மேனேஜரைத் திறந்து, அதன் பெயர்மீது வலது சொடுக்கி 'ஓபன் ஃபைல் லொகேஷன்' கொடுத்தால் போதும். எந்தக் கடையில் வாங்கியதானாலும், பெரும்பாலும் இந்த வழி கைவிடுவதில்லை.

பத்துமலை ஆசிரியை:

மேலே இருவரும் விளையாட்டின் இருப்பிடத்தைத் தேடியிருக்கிறீர்கள். எங்கள் வீட்டில் அது சரியாகவே தெரிந்திருந்தது, அதனால்தான் ஏமாந்தோம்.

என் மகள் இடைநிலைப் பள்ளியில் படிவம் இரண்டில் இருந்தபோது தொடங்கி மூன்று ஆண்டுகளாகத் தி சிம்ஸ் 4 விளையாட்டில் வீடுகள் கட்டிவந்தாள். பாட்டி வாழ்ந்த தோட்டத்து வரிசை வீட்டைக்கூட, முன்புறத் திண்ணையும் பின்புறக் குளியலறையுமாக, பாட்டியிடம் கேட்டுக் கேட்டுக் கட்டி வைத்திருந்தாள். மடிக்கணினி மிகவும் மெதுவாகிப்போனதால், அதைத் துடைத்து விண்டோஸைப் புதிதாக நிறுவித் தரும்படி ஒரு கடையில் கொடுத்தோம். எவற்றைப் பத்திரப்படுத்த வேண்டும் என்று கடைப் பையன் பொறுப்பாகவே கேட்டார். நான் பள்ளிக்கூடக் கோப்புகள் எல்லாம் பென்டிரைவில் இருப்பதாகச் சொன்னேன். மகள் புரோகிராம் ஃபைல்ஸில் இருந்த விளையாட்டுக் கோப்புறையைச் சுட்டிக்காட்டி இது மட்டும் போதும் என்றாள். அவரும் பல ஜிபி கொண்ட அந்தக் கோப்புறையைப் பொறுமையாக நகலெடுத்துக் கொடுத்தார்.

வீட்டுக்கு வந்து விளையாட்டைத் திறந்தால் ஊரே காலி. அவள் கட்டிய வீடுகளும், வளர்த்த குடும்பங்களும் அந்தக் கோப்புறையில் ஒருபோதும் இருந்ததில்லை. அவை டாக்குமென்ட்ஸில், எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் என்ற கோப்புறைக்குள், தி சிம்ஸ் 4 என்பதன் உள்ளே, 'சேவ்ஸ்', 'டிரே' என்ற இரண்டு சிறு கோப்புறைகளில் இருந்தன. மீண்டும் பதிவிறக்கினால் கிடைத்துவிடக்கூடிய பெரிய பொருளைக் கட்டி எடுத்துக்கொண்டு, வேறு எங்கும் கிடைக்காத சிறிய பொருளை விட்டுவிட்டு வந்திருக்கிறோம். வீடு மாறும்போது அலமாரியைத் தூக்கிக்கொண்டு நகைப்பெட்டியை விட்டுவந்த கதைதான்.

ஒரே ஒரு ஆறுதல் கிடைத்தது. பாட்டி வீட்டை மட்டும் அவள் அந்த விளையாட்டின் இணையக் காட்சிக்கூடத்தில் பகிர்ந்து வைத்திருந்தாள். அது நிறுவனத்தின் சேவையகத்தில் இருந்ததால், பழைய கணக்கில் நுழைந்ததும் கூரை முதல் குளியலறை வரை அப்படியே இறங்கி வந்தது. மற்றவை போனவை போனவைதான். கடைப் பையன்மீது எனக்கு வருத்தமில்லை, கேட்டதைச் செய்தார். விளையாட்டை நீக்கினாலும் இந்த டாக்குமென்ட்ஸ் கோப்புறை பெரும்பாலும் அழியாமல் தங்கிவிடும் என்பதையும், டிரைவையே துடைத்தால் மட்டும்தான் போகும் என்பதையும் பிறகு தெரிந்துகொண்டபோதுதான் மனம் சற்று நொந்தது.

பழைய சைபர் கஃபே:

அக்கா, உங்கள் மகளுக்கு ஒரு முறை நேர்ந்தது, என் கடைக்கு விளையாட வந்த பையன்களுக்கு 2000களின் நடுவில் நாள்தோறும் நேர்ந்தது. கெப்போங்கில் இருபது கணினிகளோடு சைபர் கஃபே நடத்தினேன். வைரஸுக்குப் பயந்து, ஒவ்வொரு முறை அணைத்துப் போடும்போதும் சி டிரைவைப் பழைய நிலைக்கே திருப்பிவிடும் மென்பொருளைப் போட்டிருந்தேன். விளையாட்டுகள் எல்லாம் அந்தக் காவலுக்கு வெளியே டி டிரைவில் இருந்தன. ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 விளையாடுபவர்களுக்குச் சிக்கல் இல்லை. அந்த 1999ஆம் ஆண்டு விளையாட்டு, விளையாடி நிறுத்திய நிலையின் சேமிப்பைத் தன் கோப்புறைக்குள்ளேயே 'சேவ்கேம்' என்ற இடத்தில் வைத்துக்கொள்ளும். 2005இல் கணினிக்கு வந்த ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸோ சேமிப்பை மை டாக்குமென்ட்ஸுக்குள் தன் பெயரில் ஒரு கோப்புறை அமைத்து அங்கே எழுதும். மை டாக்குமென்ட்ஸ் இருப்பது சி டிரைவில். மூன்று மணி நேரம் காசு கொடுத்து விளையாடிவிட்டுப் போன பையன், மறுநாள் வந்து பார்த்தால் முதல் தெருவிலேயே நிற்பான். ஒரே கடை, ஒரே கணினி; ஒருவனுக்கு இருக்கிறது, ஒருவனுக்கு இல்லை என்றால் யார்தான் என்னை நம்புவார்கள்? நான் வேண்டுமென்றே அழிப்பதாகக்கூட ஒருவன் சொன்னான்.

காரணம் புரிந்ததும், மை டாக்குமென்ட்ஸின் பண்புகளைத் திறந்து 'மூவ்' கொடுத்து அதையும் டி டிரைவுக்குக் குடியேற்றினேன். அதிலும் அடுத்த வழக்கு வந்தது. அந்த விளையாட்டில் சேமிக்க எட்டே எட்டு இடங்கள். எங்கள் கடைக்கு வருபவர்களோ ஐம்பது பேர். ஒருவன் சேமிப்பை மற்றவன் அழிக்க, அடிதடி வராத குறைதான். பிறகு ஆளுக்கொரு பென்டிரைவ் கொண்டு வரச் சொல்லி, அந்தக் கோப்புறையை நகலெடுக்கவும் கற்றுக்கொடுத்தேன். இன்று அவர்களில் இருவர் கணினித் துறையில் இருக்கிறார்கள்.

ஏஜ் ஆஃப் எம்பயர்ஸும் பிற்காலத்தில் என்னைச் சோதித்தது. 2007இல் பொதுமக்களுக்கு வந்த விஸ்டா முதல், புரோகிராம் ஃபைல்ஸுக்குள் பழைய நிரல்கள் எழுத முயன்றால் விண்டோஸ் அதை ஓசையில்லாமல் வேறு இடத்துக்குத் திருப்பிவிடும். அந்த இடம் பயனர் கோப்புறையில் ஆப்டேட்டாவுக்குள், 'லோக்கல்' என்பதில் உள்ள 'வர்ச்சுவல்ஸ்டோர்'. விளையாட்டுக்குள் சேமிப்பு தெரியும். கோப்புறையைத் திறந்தால் இருக்காது. வீட்டில் வாங்கிய புதிய கணினியில் இதைக் கண்டுபிடிக்க எனக்கு ஒரு வாரம் ஆயிற்று.

பந்தாய் மாணவன்:

விடுதி இணையத்தில் 100 ஜிபி இறக்குவது நடவாத காரியம் என்பதால், பழைய மடிக்கணினியிலிருந்து புதியதற்கு வெளி எஸ்எஸ்டி வழியே விளையாட்டுகளைக் கொண்டுவந்தேன். ஸ்டீமுக்குக் காமன் கோப்புறையில் உள்ள விளையாட்டோடு, அதற்கு ஒரு படி மேலே, ஸ்டீம்ஆப்ஸில் 'ஆப்மேனிஃபெஸ்ட்' என்று தொடங்கி எண்ணோடு முடியும் சிறு கோப்பையும் சேர்த்து நகலெடுத்தேன். செந்தூல் ஐயா குறிப்பிட்ட பதிவேடு என்பது இதுதான். இது உடன் வந்ததால் ஸ்டீமை மூடித் திறந்தவுடன் விளையாட்டு நிறுவப்பட்டதாகவே காட்டியது. கோப்புகள் முழுமையாக உள்ளனவா என்று சரிபார்க்கும் வசதியை ஒரு முறை ஓடவிட்டேன். எபிக்கில் இது எடுபடவில்லை. அங்கே புதிய கணினியில் நிறுவத் தொடங்கி, ஓரிரு விழுக்காடு ஏறியதும் நிறுத்தி, செயலியை மூடி, அது உண்டாக்கிய கோப்புறையின்மேல் பழைய கோப்புகளை நகலெடுத்துவிட்டு மீண்டும் தொடர்ந்தேன். அது இருப்பவற்றைச் சரிபார்த்து, குறைவதை மட்டும் இறக்கிக்கொண்டது.

சேமிப்புகளுக்குத்தான் ஊர் சுற்ற வேண்டியிருந்தது. விளையாட்டுகளை உருவாக்கப் பயன்படும் மென்பொருள் இயந்திரங்களில் ஒன்றான யூனிட்டியில் செய்த விளையாட்டுகள் பலவும் ஆப்டேட்டாவில் 'லோக்கல்லோ' என்ற கோப்புறையில் தயாரிப்பாளர் பெயரிலும், அன்ரியல் இயந்திரத்தில் செய்தவை 'லோக்கல்' கோப்புறையில் விளையாட்டின் பெயரிலும் வைத்திருந்தன. ஆப்டேட்டா மறைந்திருக்கும் கோப்புறை. விண்டோஸ் விசையோடு ஆர் அழுத்தி, இருபுறமும் விழுக்காட்டுக் குறியிட்டு அதன் பெயரை ஆங்கிலத்தில் எழுதினால், அதற்குள் இருக்கும் 'ரோமிங்' கோப்புறை திறக்கும். அங்கிருந்து ஒரு படி மேலேறினால் மற்ற இரண்டும் தெரியும்.

செந்தூல் கணக்கர்:

எல்லோருக்கும் நன்றி. டி டிரைவுக்கு முறைப்படி மாற்றியதில் சி டிரைவில் 160 ஜிபிக்கு மேல் விடுபட்டது. ஆசிரியை எழுதியதைப் படித்துவிட்டு மகன் என்னிடம் ஒன்று கேட்டான். இடம் போதாத நாள்களில் முதல் பலியாக அவன் நீக்கியது ஸ்டார்டியூ வேலி என்ற பண்ணை விளையாட்டு. ஒரு ஜிபிகூட ஆகாத அந்த விளையாட்டை நீக்கி என்ன மிச்சம் கண்டானோ தெரியவில்லை. அதோடு பண்ணையும் போய்விட்டது என்றே நினைத்திருந்தான். பந்தாய் தம்பி சொன்னபடி ரோமிங்கைத் திறந்தோம். அங்கே ஸ்டார்டியூ வேலியின் பெயரில் ஒரு கோப்புறை, அதற்குள் 'சேவ்ஸ்', அதற்குள் விவசாயிக்கு அவன் வைத்த பெயரும் ஒரு நீண்ட எண்ணும் சேர்ந்த கோப்புறை. அந்தப் பெயர் எங்கள் வீட்டுப் பூனையுடையது. விளையாட்டை மறுபடி இறக்கித் திறந்தபோது, பண்ணையில் கோடைப் பருவம் பாதியில் நின்றிருந்தது.